ஈறு நிற முட்டை

பல் கட்டிக்கொண்டு போனவர்கள் யாரும் அவருக்கு நன்றி சொன்னதில்லை. சொல்ல வழியும் இல்லை. முன்னறையில் டாக்டரம்மா வாயைத் திறக்கச் சொல்லி அளவெடுப்பார். அந்த அச்சு ஒரு தட்டில் ஏறிப் பின்னறைக்கு வரும். பத்து நாளில் மேல்வரிசை கீழ்வரிசையாக, ஈறும் பல்லுமாக, திரும்ப முன்னறைக்குப் போகும். போட்டுக்கொண்டவர் கண்ணாடியில் ஒருமுறை பல்லைக் காட்டிப் பார்த்துவிட்டு, "ரொம்ப நன்றி டாக்டர்" என்பார். கதவுக்கு இந்தப் பக்கம், கையெல்லாம் பிளாஸ்டர் மாவோடு அதைக் கேட்டபடி நிற்கிறவர்தான் செட்டுக்காரர். பல்செட் செய்கிறவர் என்பதால் அந்தப் பெயர். பல்லுக்கு ஒரு வருஷம் என்று வைத்துக்கொள்ளுங்கள், முப்பத்திரண்டு வருஷமாக அதே பின்னறை, அதே கதவு.

அதில் அவருக்கு வருத்தமே இல்லை என்று நான் சொன்னால் அது பச்சைப் பொய். வருத்தம் இருந்தது. ஆனால் அதைவிடப் பெரிதாக ஒரு கர்வமும் இருந்தது. கல்யாண வீட்டில் எதிர்வரிசையில் சாப்பிடுகிறவர் சிரித்தால் அது கட்டுப்பல்லா, யார் கட்டியது என்று அடுத்த வாய்ச் சோற்றுக்குள் சொல்லிவிடுவார். தன் வேலையாக இருந்தால் மட்டும் வாயைத் திறக்கமாட்டார். "கட்டுப்பல்லுன்னு தெரிஞ்சா அது பல்லே இல்ல" என்பது அவர் கட்சி. நிஜப் பல்லில் இருக்கிற லேசான கோணல், டீ குடித்துக் குடித்து ஏறிய மஞ்சள், ஓரத்துத் தேய்மானம் எல்லாவற்றையும் மெனக்கெட்டு வைப்பார். "ஊர்ல பாதிப் பேர் உங்க பல்லை வெச்சுத்தான் என் தலைய மென்னுட்டிருக்காங்க" என்று அவர் மனைவி சொல்வாள். அதையும் பாராட்டாகவே எடுத்துக்கொள்வார்.

இப்படியிருந்தவரின் அறைக்குள் ஒரு நாள் முன்பல் பாதி உடைந்த ஒரு பெண் வந்தாள். வனத்துறையில் வேலை. கரையிலிருந்து படகில் ஒன்றரை மணி நேரத் தூரத்தில் இருக்கும் ஒரு சின்னத் தீவில் பறவைகளுக்குக் காவல். பல்லை உடைத்ததும் ஒரு பறவைதான். கூட்டுக்குள் எட்டிப் பார்த்தவளைத் தாய்க்கோழி தலையால் ஒரு முட்டு முட்டியிருந்தது. பல்லுக்கு நிறம் பொருத்துவதற்காக டாக்டரம்மா அவளைப் பின்னறைக்கு அனுப்பினார். செட்டுக்காரர் நிறப் பலகையை அவள் உதட்டருகே பிடித்து ஒவ்வொரு வெள்ளையாக நகர்த்திக்கொண்டிருந்தார். அவள் கண்ணோ அலமாரியில் வரிசையாகச் சிரித்துக்கொண்டிருந்த செட்டுகளின் மேலேயே இருந்தது.

"அண்ணா, இதெல்லாம் நீங்க செஞ்சதா?"

"ஆமா."

"முட்டை செய்வீங்களா?"

அவர் நிறப் பலகையை இறக்கினார். "வாயில வைக்கிறதுக்கா?"

"இல்லண்ணா. கூட்டுல வைக்கிறதுக்கு."

அவள் விஷயத்தைச் சொன்னாள். தீவில் இருப்பது பதுங்குகோழி. உலகத்தில் வேறு எங்கும் கிடையாது. பறக்கவே தெரியாத பழுப்புக் கோழி, வேருக்கடியில் பதுங்கி வருஷத்துக்கு ஒரே ஒரு முட்டை இடும். எந்தக் காலத்திலோ கப்பலேறி வந்த எலிகள் அந்த முட்டைகளைத் தின்று தின்று, இப்போது மிச்சம் இருப்பது ஐம்பத்துமூன்று கோழிகள். அதனால் முட்டை இட்டதும் அதை எடுத்துப் பொரிப்புப் பெட்டியில் வைத்துக் காப்பாற்றுகிறார்கள். ஆனால் கூடு காலியாக இருந்தால் கோழி எழுந்து போய்விடும். எது தின்னலாம், எங்கே ஒளியலாம் என்று சொல்லிக்கொடுக்கத் தாய் இல்லாத குஞ்சு ஒரு வாரம்கூடத் தாங்காது. ஆகவே முட்டை பொரிகிற நாள் வரைக்கும் தாயை அங்கேயே உட்கார வைத்திருக்க ஒரு பொய் முட்டை வேண்டும். பொரியத் தொடங்கியதும் பொய்யை எடுத்துவிட்டு நிஜத்தை வைத்துவிடலாம்.

"ஒரு மாசம் அவளை ஏமாத்தணும்ணா. அவ நல்லதுக்குத்தான்."

"அதைத்தாம்மா நான் முப்பத்திரண்டு வருஷமா செய்யறேன்" என்றார் செட்டுக்காரர்.

அவள் பல் சரியானது. அன்றிலிருந்து அவர் வீட்டில் அவளுக்குத் தீவுப்பெண் என்று பெயர்.

சோதித்துப் பார்க்க அவள் தேர்ந்தெடுத்தது வடக்கு மேட்டுக் கோழியை. காரணம் உண்டு. கோழி மிதித்துக் குஞ்சு சாகுமா என்று கேட்ட மகராசன் அந்தத் தீவுக்கு வந்ததே இல்லை. வடக்கு மேட்டுக்காரி உட்காரும்போதும் எழுந்திருக்கும்போதும் காலைப் பார்த்து வைக்கத் தெரியாதவள். தொடர்ந்து இரண்டு வருஷமாகத் தன் முட்டையைத் தானே மிதித்து உடைத்தவள். இழக்க ஒன்றும் இல்லாத கூடு.

முதலில் பிளாஸ்டரில் செய்து வர்ணம் பூசிக் கொடுத்தார். கோழி ஒரு மணி நேரத்தில் வெளியே உதைத்துத் தள்ளியது. அடுத்தது பல்செட்டுக்கு ஊற்றும் அக்ரிலிக் பிளாஸ்டிக். அது கனம் போதாமல், அவள் திரும்பிப் படுத்தபோது தானாகவே உருண்டு ஓடியது. ஒரு வாடிக்கையாளரைக்கூட வாழ்நாளில் இழக்காதவருக்கு இது பெரிய அவமானம். உடைந்த நிஜ ஓட்டுத் துண்டுகளை வரவழைத்து நிறப் பலகையோடு வைத்துப் பார்த்தார். நாற்பது வருஷம் டீ குடித்தவரின் பல் நிறம். அதையே மேல் ஓட்டுக்கு எடுத்துக்கொண்டார். பல்லில் கறை வரைகிற மெல்லிய தூரிகையால் சாம்பல் புள்ளிகள் வைத்தார். நடுவில் மணல் வைத்துக் கனத்தைச் சரிசெய்தார். உள்பக்கத்தை யார் பார்க்கப்போகிறார்கள் என்று, கையிருப்பில் நிறைய இருந்த ஈறு நிற அக்ரிலிக்கையே ஊற்றி நிரப்பினார்.

அந்த முட்டைமேல் வடக்கு மேட்டுக்காரி, நிஜ முட்டை பொரிய ஆகும் முப்பத்தைந்து நாளும் உட்கார்ந்தாள். அதற்குமேலும் பத்து நாள் உட்கார்ந்தாள். கடைசியில் தீவுப்பெண் அதை எடுத்தபோது, கோழி இரண்டு நாள் கூட்டைச் சுற்றிச் சுற்றித் தேடியதாம். போனில் இதைக் கேட்ட செட்டுக்காரர் இன்னொரு முறை சொல்லச் சொன்னார். தன் வேலையை இத்தனை முழுசாக ஒருவர் நம்பியது அவருக்கு அதுவே முதல் தடவை. மறுநாள் பின்னறையில் அவர் சீட்டியடித்துக்கொண்டு பல்லுக்குப் பாலிஷ் போட்டதை டாக்டரம்மாவே வந்து எட்டிப் பார்த்தார்.

அடுத்த வருஷம் தீவில் மரங்கள் காய்க்கவில்லை. தீனி குறைந்தால் பதுங்குகோழி முட்டை இடாது. மொத்தத் தீவிலும் முட்டை இடப்போவதாகத் தெரிந்தது வடக்கு மேட்டுக்காரி ஒருத்திதான். தீவுப்பெண் போலி முட்டையை எடுத்துக்கொண்டு பின்னறைக்கு வந்தாள்.

"அண்ணா, அடியில கடுகளவு ஒரு கறுப்புப் புள்ளி வைங்க. புதருக்குள்ள குனிஞ்சு கைவிடும்போது எது எதுன்னு எனக்கே தெரிய மாட்டேங்குது."

"சரிம்மா."

சரி என்றுதான் சொன்னார். அவள் போனபின் துளைக்கருவியையும் எடுத்தார். முட்டையை வெளிச்சத்தில் திருப்பினார். குறை என்று விரல் வைக்க ஓரிடம் இல்லை. இதில் போய்த் துளை போட்டுக் கறுப்பு அடைப்பதா? புள்ளி வைத்தால் கோழி கண்டுபிடித்துவிடும் என்று தனக்குத்தானே ஒரு சாக்கு சொல்லிக்கொண்டார். அடியில் இருக்கும் கடுகளவு புள்ளியை எந்தக் கோழி பார்க்கப்போகிறது? அவருக்குக் கை வரவில்லை, அவ்வளவுதான். துளைக்கருவியைக் கீழே வைத்துவிட்டு முட்டையைப் பஞ்சில் சுற்றி அனுப்பினார். "வெச்சாச்சாண்ணா?" என்று அவள் போனில் கேட்டபோது, "வெச்சாச்சு" என்றார்.

கோழி முட்டை இட்டது. மூன்றாம் நாள் அடைமழையில் தீவுப்பெண் போலி முட்டையோடு புதருக்குள் கைவிட்டாள். கோழி கொத்திய கொத்தில் இரண்டு முட்டைகளும் சருகு மெத்தையில் விழுந்து உருண்டன. அவள் பதறவில்லை. ஒன்றை எடுத்து அடியைத் துடைத்துப் பார்த்தாள். புள்ளி இல்லை. அப்படியென்றால் இதுதான் நிஜம். அதைப் பத்திரமாகச் சூட்டுப்பெட்டியில் வைத்து, இன்னொன்றைக் கோழிக்கு அடியில் தள்ளிவிட்டு வந்தாள்.

எட்டாம் நாள் அவளிடமிருந்து போன் வந்தது. செட்டுக்காரர் அப்போது கீழ்வரிசை ஒன்றுக்கு மெழுகு ஊற்றிக்கொண்டிருந்தார்.

"அண்ணா, பெட்டியில இருந்த முட்டைக்கு டார்ச் அடிச்சுப் பார்த்தேன். கருகருன்னு இருந்துச்சு, ஒரு நரம்பு இல்ல. உள்ளயே செத்துடுச்சுன்னு நெனச்சேன். அப்படி ஆச்சுன்னா உடைச்சுப் பார்த்து எழுதணும். கரண்டியால தட்டினேன், உடையல. சுத்தியலால தட்டினேன். உள்ள ரோஸா இருக்குண்ணா. பல்செட் மாதிரி."

அவர் கையிலிருந்த மெழுகு அது பாட்டுக்கு வழிந்துகொண்டிருந்தது.

"நிஜ முட்டை கூட்டுலயே இருந்திருக்கு. இவ மிதிச்சிருப்பா, இல்லன்னா எலி தின்னிருக்கும். இந்த வருஷத்துக்கே அது ஒண்ணுதான். நீங்க வெச்ச புள்ளியை நான்தான் சரியா பாக்கல. என் கண்ணு தப்பு பண்ணிடுச்சுன்னு எழுதப்போறேன். உங்ககிட்ட சொல்லணும்னு தோணுச்சு."

"போய்ப் பார்த்தியாம்மா?"

"நாளைக்குக் காலையில போறேன். இன்னைக்குப் போக தைரியம் இல்ல."

"நானும் வரேன்" என்றார். புள்ளி வைக்காததை மட்டும் சொல்லாமல் போனை வைத்தார்.

வீட்டுக்கு வந்து மனைவியிடம் முழுசாகச் சொன்னார். அவள் துணி மடித்துக்கொண்டே கேட்டாள். "இதை எங்கிட்ட சொல்லி என்ன ஆகப்போகுது? அந்தப் பொண்ணு தன் கண்ணைக் குத்தம் சொல்லிட்டு உக்காந்திருக்கா. அவகிட்ட சொல்லுங்க" என்றாள். பிறகு, "மாத்துச் சட்டை எடுத்துக்கோங்க. கடல் உங்களுக்கு ஒத்துக்காது" என்றாள். மறுநாள் விடிந்ததும் அவர் முதலில் பின்னறைக்குப் போனார். மேஜை இழுப்பறையில் உபரியாக ஒரு முட்டை இருந்தது. தீவுப்பெண் கடுகளவு கேட்டிருந்தாள். அவர் மிளகளவு துளை போட்டுக் கறுப்பு அடைத்தார்.

கடல் ஒத்துக்கொள்ளவில்லை. ஒன்றரை மணி நேரமும் படகின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு குனிந்தே வந்தார். தீவின் படகுத்துறையில் ஒரு தகரக் கொட்டகை. அதற்குள் செருப்பைத் தேய்த்துக் கழுவி, சட்டைப்பையை வெளியே இழுத்து உதறி, பையில் எலியோ எறும்போ விதையோ இல்லை என்று காட்டினால்தான் மேலே போக விடுவார்கள். அவர் பையைத் தீவுப்பெண் உதறியபோது மாற்றுச் சட்டைக்கு நடுவிலிருந்து முட்டை வந்தது. அதன் அடியில் இருந்த புள்ளியை அவள் பார்த்தாள்.

"இவ்ளோ பெருசா வெச்சிருக்கீங்க. இது எப்படி என் கண்ணுல படாம போச்சு?"

"அதுல நான் வைக்கலம்மா" என்றார். "வெச்சேன்னு பொய் சொன்னேன். அழகு கெட்டுடுமேன்னு வைக்கல. உன் கண்ணு மேல ஒரு தப்பும் இல்ல. நீ எழுதறதா இருந்தா அப்படியே எழுது."

அவள் அவரைப் பார்த்தாள். திட்டுவாள் என்று நின்றார். திட்டினால் தேவலை என்றுகூட இருந்தது. அவள் பையை மூடி அவர் கையில் கொடுத்தாள்.

"கோபப்பட இப்ப நேரம் இல்லண்ணா. நடங்க."

மேடு வரை அவள் ஒரு வார்த்தை பேசவில்லை. நாற்பது நிமிஷம் ஏற்றம். பல்லைக் கடித்துக்கொண்டு அவர் பின்னாலேயே ஏறினார். வழியெல்லாம் அவருக்குக் கண்முன் வந்தது உடைந்த ஓடுதான். கருக்கட்டிய முட்டை உடைந்தால் எப்படி இருக்கும் என்று அவருக்குத் தெரியாது, தெரியாததால் அது இன்னும் கோரமாக வந்தது. ஐம்பத்துமூன்றுக்கு மேல் ஒன்றுகூட ஏறாமல் போன வருஷம் என்று எழுதுவார்கள். அதற்குக் காரணம் ஒரு பல்செட்காரனின் கர்வம் என்று எழுதமாட்டார்கள், ஆனால் அவருக்குத் தெரியும்.

பெரிய மரத்தின் வேருக்கடியில் கோழி இருந்தது. போன வருஷமெல்லாம் கேட்டுக் கேட்டு மனதில் பெரிதாக வளர்ந்திருந்த கோழி, நேரில் ஒரு சின்னத் தலையணை அளவுதான். அவர்களைப் பார்த்ததும் கழுத்தைச் சுருக்கிக்கொண்டது. தீவுப்பெண் மண்டியிட்டுக் கையை அடியில் விட்டாள். கோழி கொத்தியது. அவள் முகத்தையே அவர் பார்த்துக்கொண்டிருந்தார். அந்த முகத்தில் ஒன்றும் தெரியவில்லை. கொஞ்ச நேரம் கழித்து அவள் மெதுவாகக் கையை வெளியே எடுத்தாள். உள்ளங்கையில் முட்டை முழுசாக இருந்தது.

"டார்ச், டார்ச்" என்றாள். அவர் அவள் பையிலிருந்து டார்ச்சை எடுத்துக் கொடுத்தார். மேலே தன் மழைக்கோட்டைப் போர்த்திக்கொண்டு அவள் முட்டைக்கு அடியில் வெளிச்சம் அடித்தாள். "உள்ள வாங்கண்ணா, பாருங்க" என்றாள். அவரும் தலையை நுழைத்தார். ஆரஞ்சு நிறமாக ஒளிர்ந்த ஓட்டுக்குள், அவர் தூரிகையால் ஒருநாளும் வரைய முடியாத சிவப்பு நரம்புகள். அவற்றின் நடுவில் கரும்புள்ளி ஒன்று துடித்தது.

செட்டுக்காரர் கோட்டுக்குள்ளேயே அழுதார். வெளியே வந்தபோது மழைத்தண்ணீர் என்று துடைத்துக்கொண்டார். அன்றைக்கு மழையே இல்லை.

"எப்படிம்மா உடையாம இருந்துச்சு?"

"யாருக்குத் தெரியும்? போன வருஷம் நாப்பத்தஞ்சு நாள் உங்க முட்டைமேல ஏறி எறங்கிப் பழகிட்டா. அது உடையாத முட்டை, அவளும் மிதிச்சு மிதிச்சுக் கத்துக்கிட்டிருப்பா. எனக்கு அப்படித்தான் தோணுது." அவள் முட்டையைச் சூட்டுப்பெட்டிக்குள் வைத்தாள். "எலி ஏன் வரலன்னு கேக்காதீங்க. அதுக்கு எங்கிட்ட பதில் இல்ல."

பிறகு கையை நீட்டினாள். அவர் புள்ளி வைத்த முட்டையைக் கொடுத்தார். அதைக் கோழிக்கு அடியில் தள்ளினாள். கோழி எழுந்து, ஒரு காலைத் தூக்கி, அந்தரத்தில் கொஞ்சம் யோசித்து, முட்டைக்குப் பக்கத்தில் ஊன்றி மெல்ல உட்கார்ந்தது. மிளகளவு புள்ளியை அது சட்டை செய்யவே இல்லை. இறங்கும் வழியில்தான் தீவுப்பெண் கோபப்பட்டாள். நாற்பது நிமிஷமும் இடைவிடாமல் திட்டினாள். "ஆமாம்மா, ஆமாம்மா" என்று கேட்டுக்கொண்டே வந்தவருக்கு, திரும்பும் படகில் கடலும் ஒத்துக்கொண்டது.

மூன்று வாரம் கழித்து அவள் மறுபடி கூப்பிட்டாள். ஓட்டில் விரிசல் விட்டுவிட்டது, தாயிடம் கொண்டுபோய் வைக்கப்போகிறேன், வரணும்னா வாங்க என்றாள். அன்றைக்கு மூன்று பேருக்குப் பல் கொடுக்க வேண்டிய நாள். "போயிட்டு வாங்க. மூணு பேரும் இன்னும் ஒரு நாள் கஞ்சி குடிச்சா ஒண்ணும் ஆயிடாது" என்று டாக்டரம்மாவே அனுப்பி வைத்தார்.

வேருக்கடியில் கோழி அதே இடத்தில் இருந்தது. இளைத்திருந்தது. தீவுப்பெண் பொய் முட்டையை எடுத்து, திரும்பிப் பார்க்காமலே பின்னால் நீட்டினாள். அவர் இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார். சுடச்சுட இருந்தது. அவர் பாலிஷ் போட்ட மேல்பூச்சு முழுக்க நுண்ணிய கீறல்கள். நாளுக்குப் பலமுறை கோழி அலகால் திருப்பித் திருப்பி விட்ட தடம். ஒரு பக்கமும் விடாமல், எல்லாப் பக்கமும் ஒரே சூடாக இருக்கும்படி, மூன்று வாரம் திருப்பியிருக்கிறது.

நிஜ முட்டை உள்ளே போனது. விரிசலுக்குள்ளிருந்து கீச்சென்று ஒரு சத்தம். கோழி அசையாமல் இருந்தது. மறுபடி கீச்சென்றது. இப்போது கோழி தலையைத் தாழ்த்தித் தன் வயிற்றுக்கு அடியில் பார்த்தது. பிறகு தொண்டைக்குள்ளேயே, அவர் அதுவரை கேட்டிராத தணிந்த குரலில், அது பதில் பேசத் தொடங்கியது. போன வருஷம் நாற்பத்தைந்து நாள், இந்த வருஷம் மூன்று வாரம், பதில் சொல்லாத முட்டையோடு காத்திருந்த கோழி. இப்போது பேச்சை நிறுத்தவே இல்லை.

செட்டுக்காரர் பொய் முட்டையை நெஞ்சோடு சேர்த்துப் பிடித்துக்கொண்டார். அதன் சூடு சட்டைக்குள் இறங்கியது.

"ரொம்ப நன்றிம்மா" என்றார்.

தீவுப்பெண் திரும்பினாள். முகமெல்லாம் சிரிப்பு; அவர் நிறம் பார்த்துக் கட்டிக் கொடுத்த அந்த முன்பல்லும் தெரிந்தது.

"எனக்கு எதுக்குண்ணா நன்றியெல்லாம்?" என்றாள்.

அவர் சொன்னது கோழியிடம். அதைத் திருத்தலாமா என்று ஒரு கணம் நினைத்தார். பின்னறைக் கதவும் முன்னறைக் குரல்களும் ஞாபகம் வந்தன. இவளுக்கும் சேர வேண்டியதுதானே என்று பேசாமல் இருந்துவிட்டார்.